கதையில் வாழ்ந்த முதலாசிரியர்

தமிழ்ப் புலவர் வரிசையில் அகத்தியருக்கு முதலிடம் தருவது நம் மரபு. ஆயின் ஐயமின்றி அவருடையது என்று சொல்லத்தக்க நூல் ஒன்றேனும் இன்று நம் கையில் இல்லை. அகத்தியம் என்ற இலக்கணத்தினின்று எடுத்தவை என உரையாசிரியர்கள் காட்டும் சூத்திரங்கள் சிலவே. அவற்றின் நடையும் பழமையானதன்று. அவர் பெயரால் வழங்கும் சித்த மருத்துவ நூல்களோ மிகப் பிந்தியவை. நூலின்றியும் ஒருவர் ஒரு மொழிக்கு முதலாசிரியராய் நிலைபெற்றது எங்ஙனம் என்பதே ஆராயத்தக்கது.

தொல்காப்பியத்தில் அகத்தியர் பெயர் இல்லை. அந்நூலுக்குப் பனம்பாரனார் தந்த பாயிரம் ஆசிரியரின் ஐந்திரப் புலமையைச் சொல்கிறது. நூல் அரங்கேறிய பாண்டியன் அவையையும், கேட்டு ஆராய்ந்த அதங்கோட்டாசானையும் சொல்கிறது. ஆசிரியருக்கு ஆசிரியர் இருந்ததாக ஒரு சொல்லும் இல்லை. மணிமேகலையில் அகத்தியர் வருகிறார். ஆங்கும் அவர் காவிரியைத் தந்த முனிவரேயன்றி இலக்கணம் செய்த புலவர் அல்லர்.

அவரைப் புலவராக்கியது இறையனார் களவியலுரை. ஏறத்தாழ 8ஆம் நூற்றாண்டினது எனக் கருதப்படும் அவ்வுரையில்தான் முச்சங்க வரலாறு முதன்முதல் விரிவாகக் கிடைக்கிறது. தலைச்சங்கம் 4440 ஆண்டு, இடைச்சங்கம் 3700, கடைச்சங்கம் 1850, கூட்டினால் 9990. முதலிரண்டு சங்கங்களிலும் அகத்தியனார் அமர்ந்திருந்தார் என்கிறது உரை. அவர் மட்டுமோ? சிவபெருமானும் முருகவேளும் தலைச்சங்கத்தில் உடனிருந்தனராம். கணக்கில் இத்துணைத் துல்லியமும் அவையில் இத்துணைத் தெய்வங்களும் ஒருங்கே வருமிடத்து வரலாற்று மாணவன் சற்றே நின்று நோக்கல் வேண்டும்.

அக்காலத்துப் பாண்டியரின் வேள்விக்குடிச் செப்பேடு அகத்தியரைத் தம் குலத்தின் புரோகிதர் என்று போற்றுகிறது. 10ஆம் நூற்றாண்டைச் சார்ந்த சின்னமனூர்ச் செப்பேடு, தம் முன்னோர் மதுரையில் சங்கம் வைத்ததையும் பாரதத்தைத் தமிழ்ப்படுத்தியதையும் பெருமையுடன் கூறுகிறது. முனிவர் கதையும் சங்கக் கதையும் பாண்டியர் பெருமைக்கு இரு தூண்களாயின என்பது என் கருத்து.

கதை வளர்ந்த விதத்தைக் காண விரும்புவோர் நச்சினார்க்கினியரிடம் செல்லுதல் வேண்டும். 14ஆம் நூற்றாண்டினராகக் கருதப்படும் இவ்வுரையாசிரியர், தொல்காப்பியரைத் திரணதூமாக்கினி என்னும் பெயருடைய சமதக்கினி மகனாக்கி, அகத்தியரின் மாணவராகவும் ஆக்குகிறார். மனைவி உலோபாமுத்திரையை அழைத்து வருமாறு மாணவரை அனுப்பும் அகத்தியர், நான்கு கோல் தொலைவு விட்டே வரவேண்டும் எனக் கட்டளையிடுகிறார். வழியில் வையை பெருகி அம்மையாரை ஈர்த்துச் செல்கிறது. மாணவர் மூங்கிற்கோல் ஒன்றை முறித்து நீட்டிக் கரையேற்றுகிறார். தொலைவு குறைந்ததே என்று சினந்த முனிவர், "நீவிர் சுவர்க்கம் புகாப்பிர்" எனச் சபிக்கிறார். குற்றமற்ற எம்மைச் சபித்தமையின் நீரும் புகாதொழிக என்று அவர்கள் திருப்பிச் சபிக்கின்றனர். அதன்பின் தொல்காப்பியத்தைக் கேளாதே என்று அதங்கோட்டாசானை முனிவர் தடுத்தாராம். உயிர் காத்ததற்குச் சாபம்! இக்கதை ஏன் தோன்றிற்று? மாணவர் நூலில் ஆசிரியர் பெயர் இல்லையே என்ற வினா கற்றோரை உறுத்தியிருக்கும். அந்த இடைவெளியை ஒரு பூசல் நிரப்பிவிட்டது.

வேற்றுமொழி வழங்கும் நகரில் பிள்ளைகளை வளர்க்கும் நமக்கு இது வெறும் ஏட்டு ஆராய்ச்சி அன்று. ஆஸ்டின் டவுனில் நம் சிறுவன் ஒருவன், தமிழ் பழைய மொழி என்பதற்குச் சான்று என்ன என்று கன்னடத் தோழன் கேட்கும்போது 9990 ஆண்டுக் கணக்கைச் சொன்னால், அடுத்த வினாவிலேயே திகைத்து நிற்பான். தொல்காப்பியத்தையும் எட்டுத்தொகையையும் சொன்னால் திகைக்க வேண்டியதில்லை. கதையை அவனுக்குக் கதையாகவே சொல்லிக்கொடுப்போம்.

ஆயினும் கதை பொய்யென்று தள்ளிவிடவும் என் மனம் ஒப்பவில்லை. அந்த முச்சங்கத்தை நெஞ்சில் வைத்தே பாண்டித்துரைத் தேவர் 1901இல் மதுரையில் தமிழ்ச் சங்கம் நிறுவினார். அதை நான்காம் சங்கம் என்றே மக்கள் அழைத்தனர். ஏட்டுச் சுவடிகள் அங்குத் தொகுக்கப்பட்டன. "செந்தமிழ்" இதழ் வெளிவந்தது. 1950இல் பெங்களூரில் நம்மவர் கூடி ஓர் அமைப்புக் கண்டபோதும் சங்கம் என்ற பெயரையே இட்டனர். அல்சூர் ஏரிக்கு அருகில் அது இன்றும் உள்ளது.

கடல் கடந்தும் அகத்தியர் சென்றிருக்கிறார். சாவகத்தில் 760ஆம் ஆண்டுத் தினாயா கல்வெட்டு, அவருக்கு அரசன் கருங்கல்லில் படிமம் எடுத்ததைக் கூறுகிறது.

நம் குழாய்களில் வரும் காவிரி நீர், 1974 முதல் ஏறத்தாழ 100 கிலோமீட்டர் தொலைவினின்று மேலேற்றப்பட்டு இந்நகருக்கு வருகிறது. அந்நீரின் பெயரால் 1991 டிசம்பரில் இங்குத் தமிழ்க் குடும்பங்கள் பட்ட துயரை மூத்தோர் மறந்திலர். காந்தமன் என்னும் மன்னன் வேண்ட, அகத்தியரின் கமண்டலம் கவிழ்ந்து காவிரி பிறந்தது என்கிறது மணிமேகலை. தலைக்காவேரியில் ஆண்டுதோறும் அக்டோபரில் துலா சங்கிரமணத்தன்று கூடும் குடகு மக்கள், அதே முனிவரின் மனைவி காவேரி என்றும், அதே கமண்டலத்தினின்று வழிந்தோடினாள் என்றும் தம் பிள்ளைகளுக்குச் சொல்கின்றனர்.