பலாச்சுளைக்கு ஒரு ஃபார்முலா

பலாப்பழ சீசன்ல மதுரை யானைக்கல் பக்கம் நடந்திருக்கீங்களா? தள்ளுவண்டியில முழுப் பழத்தைப் பார்த்ததும் நமக்கு வர்ற முதல் கேள்வி, உள்ளே எத்தனை சுளை தேறும்?

இந்தக் கேள்விக்குப் பழைய தமிழ்க் கணக்கு நூல் ஒண்ணு பாட்டாவே வழி சொல்லுது. காரி நாயனாரோட 'கணக்கதிகாரம்'. காம்புக்குப் பக்கத்துல இருக்கிற சிறுமுள்ளை எண்ணு, 6 ஆல பெருக்கு, 5 ஆல வகு. 100 முள்ளுன்னா 120 சுளை. எல்லாப் பழத்துக்கும் பொருந்தும்னு நான் சத்தியம் பண்ண மாட்டேன். ஆனா ஒரு எண்ணைக் கொடுத்தா இன்னொரு எண் வருது இல்லையா? பத்தாம் வகுப்புல என்னை அழவச்ச 'சார்பு' இதுதான். முள்ளை எக்ஸ்னு வச்சா, சுளை 6எக்ஸ்/5.

"அப்போ அல்ஜீப்ராவை நாமதான் கண்டுபிடிச்சோம்"னு வாட்ஸ்அப்ல போட்டுடாதீங்க. 9ஆம் நூற்றாண்டுல பாக்தாத்தில் அல்-குவாரிஸ்மியும் வார்த்தையிலதான் இயற்கணிதம் எழுதினார். தெரிஞ்ச எண்ணுக்கும் தெரியாத எண்ணுக்கும் எழுத்து வைக்கிற முறையை 1591ல் பிரான்ஸின் வியட் கொண்டுவந்தார். சார்பை நாம இன்னைக்கு எழுதுற குறியீட்டை 1734ல் ஆய்லர் பயன்படுத்தினார்.

எழுத்து வந்ததால என்ன லாபம்? ஒரு கற்பனைக் கணக்கு. 5 முள்ளுக்கு ஒரு சுளை வீதம் அழுகல்னு வைங்க. அது எக்ஸ்/5. மொத்தத்துல இருந்து கழிச்சா, 6எக்ஸ்/5லிருந்து எக்ஸ்/5 போக, மிச்சம் வெறும் எக்ஸ். அதாவது எத்தனை முள்ளோ அத்தனை நல்ல சுளை! நல்லதையும் அழுகலையும் கூட்டினா பழைய 6எக்ஸ்/5 திரும்ப வந்துடும். சுளை 5 ரூபான்னு பெருக்கினா வரவு 5எக்ஸ். 100 முள்ளுக்கு 500 ரூபா. ஒவ்வொரு பழத்துக்கும் தனித்தனியா கணக்குப் போட வேண்டாம். விதியையே விதியோட கூட்டலாம், கழிக்கலாம், பெருக்கலாம்.

வகுத்தலில் மட்டும் கவனம் வேணும். மொத்தச் சுளையை அழுகலால வகுத்தா விடை 6. ஆறுக்கு ஒண்ணு வீண்னு அர்த்தம். எக்ஸ் எதுவா இருந்தாலும் இதே 6தான், பூஜ்யத்தைத் தவிர. முள்ளே இல்லைன்னா சுளையும் இல்லை, அழுகலும் இல்லை. பூஜ்யத்தைப் பூஜ்யத்தால வகுக்க முடியாதே! 'பகுதி பூஜ்யமாகக் கூடாது'ன்னு புத்தகத்துல போட்டிருந்த வரியை நான் புரியாமலே மனப்பாடம் பண்ணினேன். அது சொன்னது இவ்வளவுதான்.

பாட்டு அந்த விதியை மறக்காம காப்பாத்திக் கொடுத்துச்சு. ஆனா ஒரு பாட்டுல இருந்து இன்னொரு பாட்டைக் கழிக்க முடியாது. அதுக்கு எழுத்து தேவைப்பட்டுச்சு. ரெண்டுக்கும் உரிய மரியாதையைக் கொடுத்துட்டா வீண் பெருமையும் வேண்டாம், தாழ்வு மனப்பான்மையும் வேண்டாம்.

அடுத்த தடவை முழுப் பழம் வாங்கினா, முதல்ல முள்ளை எண்ணுங்க. வெட்டின பிறகு சுளையையும் எண்ணுங்க. ரெண்டு எண்ணையும் எனக்கு அனுப்புங்க, சரிபார்த்துடுவோம்.