63 வயதில் உலகமே திரும்பிப் பார்த்த நடிகை... யார் இந்த பிரிகிட்டே மிரா?

60 வயதைத் தாண்டிய நடிகைக்கு என்ன வேடம் கிடைக்கும்? அம்மா, பாட்டி, பக்கத்து வீட்டுக்காரம்மா. ஜெர்மனியிலும் அதே கதைதான். ஆனா, அந்த வயசுலதான் பிரிகிட்டே மிராவுக்கு வாழ்நாளின் பெரிய கதாநாயகி வேடம் கிடைச்சது.

யூத அப்பா... நாஜி படம்!

1910 ஏப்ரல் 20-ல் ஹாம்பர்க் நகரில் பிறந்தவர் மிரா. அப்பா ரஷ்யாவைச் சேர்ந்த யூத பியானோ கலைஞர். பாட்டும் நடனமும் கற்ற மிரா, இளம் வயதிலேயே இசை நாடக மேடை ஏறினார். ஹிட்லர் ஆட்சிக்கு வந்த பிறகு, அப்பா யூதர் என்பதை மறைத்தே அவர் வேலை பார்க்க வேண்டியிருந்தது.

இதற்கு நடுவில், 1943-44 காலகட்டத்தில் 'லீசே - மீசே' என்ற நாஜி பிரச்சாரக் குறும்படங்களிலும் நடித்தார். லீசே, அரசு சொல்றபடி நடக்கும் 'நல்ல' பெண். மீசே, எதிரி நாட்டு வானொலி கேட்டு, பொருளைப் பதுக்கும் 'கெட்ட' பெண். மீசேயாக நடித்தவர் மிரா. கடைசியில் மக்களுக்குப் பிடித்துப்போனது மீசேயைத்தான்! நோக்கமே தலைகீழானதால் தொடர் நிறுத்தப்பட்டது.

வாழ்க்கையை மாற்றிய படம் எது?

போருக்குப் பிறகு மேடை நிகழ்ச்சிகள், சினிமாவில் சின்னச் சின்ன வேடங்கள். இப்படியே பல ஆண்டுகள் ஓடின. அப்போதுதான், 30 வயதைக்கூடத் தொடாத இயக்குநர் ரைனர் வெர்னர் ஃபாஸ்பிண்டர் அவரைக் கதாநாயகியாக்கினார். 1974-ல் வந்த அந்தப் படத்தின் பெயருக்கு, 'பயம் ஆன்மாவைத் தின்றுவிடும்' என்று பொருள்.

மியூனிக் நகரில் துப்புரவு வேலை பார்க்கும் விதவை எம்மி. மழைக்கு ஒதுங்கிய மதுக்கடையில், தன்னைவிட வயதில் மிகவும் இளையவரான மொராக்கோ தொழிலாளி அலியைச் சந்திக்கிறார். இருவரும் கல்யாணம் செய்துகொள்கிறார்கள். விஷயம் தெரிந்ததும் மகன் ஒருவர் டிவியை எட்டி உதைத்து உடைக்கிறார். அக்கம்பக்கத்தார் ஒதுக்குகிறார்கள். மளிகைக்கடையில் பொருள் தர மறுக்கிறார்கள்.

சுமார் 2 வாரத்தில் எடுத்து முடிக்கப்பட்ட இந்தப் படம், கேன்ஸ் விழாவில் சர்வதேச விமர்சகர்கள் விருதை வென்றது. மிராவுக்கு ஜெர்மன் திரைப்பட விருது கிடைத்தது.

வீட்டுக்கு வீடு தெரிந்த 'பாட்டி'

சினிமா ரசிகர்களுக்கு எம்மி என்றால், ஜெர்மன் டிவி பார்ப்பவர்களுக்கு அவர் சாசேஜ் கடைப் பாட்டி. பெர்லினில் பாட்டி, மகள், பேத்தி என மூன்று தலைமுறைப் பெண்கள் நடத்தும் சாப்பாட்டுக் கடைதான் 'த்ரை டாமென் ஃபோம் கிரில்' தொடரின் களம். 1977 முதல் 1991 வரை ஓடியது. 1980-ல் ஃபாஸ்பிண்டரின் 14 பாகத் தொடரான 'பெர்லின் அலெக்சாண்டர்பிளாட்ஸ்'-இல் வீட்டு உரிமையாளராக வந்ததும் இவரே. 2005 மார்ச் 8-ல், 94 வயதில் பெர்லினில் காலமானார்.

எந்தக் காட்சியைப் பார்க்கலாம்?

மிராவின் நடிப்பைத் தெரிந்துகொள்ள ஒரு காட்சி போதும். திறந்தவெளி உணவகத்தில் எம்மியும் அலியும் மட்டும் உட்கார்ந்திருக்க, ஊழியர்கள் தள்ளி நின்று முறைத்துப் பார்க்கிறார்கள். அதுவரை தைரியமாக இருந்த எம்மி உடைந்து அழுகிறார். சிரிப்பு வேடக்காரியாகவே பார்க்கப்பட்ட ஒருவருக்குள் இவ்வளவு இருந்ததான்னு அப்போ தோணும்.