விண்ணப்பிக்காத மனு: மருத்துவக் கல்லூரியும் ‘தகுதி’ப் பட்டியலும்

இடஒதுக்கீடு பற்றிப் பேச்செடுத்தால் முதலில் வந்து விழுகிற சொற்கள் ‘தகுதி’, ‘திறமை’. மருத்துவப் படிப்பு என்று வந்துவிட்டால் குரல் இன்னும் ஏறும். ‘உயிர் விஷயமாச்சே, இதிலுமா கோட்டா?’ இந்தக் கேள்விக்குள் ஒரு கதையாடல் ஒளிந்திருக்கிறது. ஆதியில் மார்க்கை மட்டும் பார்த்துத் தயாரித்த சுத்தமான பட்டியல் ஒன்று இருந்தது, பிறகு அரசியல்வாதிகள் வந்து அதில் சாதியைக் கலந்தார்கள் என்பதே அந்தக் கதையாடல். அந்தப் பட்டியல் சென்னை மாகாணத்தில் எங்கே இருந்தது என்று தேடிப் போனால், 1950ஆம் ஆண்டு வழக்கு ஒன்றின் முன்னால் போய் நிற்க வேண்டியிருக்கிறது.

வழக்கு எல்லோரும் அறிந்ததுதான்: செண்பகம் துரைராஜன் எதிர் சென்னை மாகாண அரசு. ஆனால் தீர்ப்பை உட்கார்ந்து படித்தவர்கள் எத்தனை பேர்? அப்போது மாகாண அரசின் நான்கு மருத்துவக் கல்லூரிகளிலும் சேர்த்து 330 இடங்கள். அதில் 17 வெளிமாகாணத்தாருக்கு. 12 இடங்கள் அரசு தன் விருப்பப்படி யாருக்கு வேண்டுமானாலும் கொடுக்க. மீதி 301 இடங்கள் நான்கு மாவட்டத் தொகுதிகளுக்குப் பிரிக்கப்பட்டன. பெண்களுக்கு இருபது சதவீதத்துக்குக் குறையாமல் தனியே உண்டு. இவற்றோடுதான் வகுப்புவாரி ஆணை வருகிறது. 14 இடங்களில் பார்ப்பனரல்லாத இந்துக்களுக்கு 6, பிற்படுத்தப்பட்ட இந்துக்களுக்கு 2, பார்ப்பனருக்கு 2, அன்றைய ஆணையின் சொல்லில் ‘அரிசனங்களுக்கு’ 2, ஆங்கிலோ இந்தியர், இந்தியக் கிறித்தவர் இருவருக்கும் சேர்த்து 1, முஸ்லிம்களுக்கு 1. மக்கள்தொகையில் ஏறக்குறைய மூன்று சதவீதமாக இருந்த பார்ப்பனருக்கும், அவர்களைப் போலப் பல மடங்கு இருந்த தாழ்த்தப்பட்டோருக்கும் ஒரே அளவு. பார்ப்பனருக்கு எதிரான அநீதியின் உச்சம் என்று இன்றுவரை வர்ணிக்கப்படுகிற ஆணையின் கணக்கு இது!

இந்த ஏற்பாட்டில் ‘பொது’ என்று ஒரு அறையே கிடையாது என்பதைக் கவனிக்க வேண்டும். ஒவ்வொருவரும் தத்தம் வகுப்புக்குள்தான் போட்டியிட்டார்கள். மார்க்கு பார்க்கப்பட்டது, ஆனால் வகுப்புக்குள். ஆக, எல்லோரையும் ஒரே வரிசையில் நிறுத்திய தகுதிப் பட்டியல் ஏற்கெனவே இருந்து சிதைக்கப்படவில்லை. வழக்குத்தான் அதைக் கற்பித்துக் காட்டியது. இன்னொரு வேடிக்கை. மனுதாரர் கல்லூரிக்கு விண்ணப்பமே போடவில்லை. விசாரித்தேன், பார்ப்பனர் என்பதால் கிடைக்காது என்று தெரிந்துகொண்டேன் என்பதுதான் பிரமாண வாக்குமூலம். உச்ச நீதிமன்றமே இதை ஒரு சங்கடமாகக் குறிப்பிட்டது. ஆனால் அரசு தரப்பு ஆட்சேபம் எழுப்பவில்லை. மனு வெற்றி பெற்றால் அவருக்கு ஓர் இடத்தை ஒதுக்கி வைப்பதாகவும் ஒப்புக்கொண்டிருந்தது. ஒதுக்கீட்டை எதிர்த்த வழக்கில் மனுதாரருக்கு ஒரு ஒதுக்கீடு! (கூடவே விசாரிக்கப்பட்ட பொறியியல் கல்லூரி வழக்கின் மனுதாரர் சீனிவாசன் 450க்கு 369 மார்க்கு வாங்கி, விண்ணப்பமும் போட்டிருந்தவர். ஆனாலும் சரித்திரத்தில் நின்றது மருத்துவ வழக்கின் பெயர்தான்.) 1950 ஜூலை 27இல் சென்னை உயர்நீதிமன்றமும், 1951 ஏப்ரல் 9இல் உச்ச நீதிமன்றமும் ஆணையைச் செல்லாததாக்கின. வகுப்புப் பங்கீடு வீழ்ந்தது. அரசு இஷ்டத்துக்குக் கொடுக்கும் அந்த 12 இடங்களை அங்கே யாரும் தகுதியின் பெயரால் கேள்வி கேட்கவில்லை.

பெரியாரின் கிளர்ச்சி, 1951 ஜூனில் முதல் சட்டத்திருத்தம், 15(4) பிரிவு, இவை பலமுறை எழுதப்பட்டவை. நான் நிற்க விரும்புவது அதற்கடுத்து வந்த புதிய பங்கீட்டில்: பிற்படுத்தப்பட்டோருக்கு 25, தாழ்த்தப்பட்டோர் பழங்குடியினருக்கு 15, மீதி 60 திறந்த போட்டி. ‘ஓ.சி.’ பிறந்தது இங்கேதான். அது எந்தச் சாதிக்கும் உரியதல்ல. ஆனால் பேச்சுவழக்கில் அதற்குச் சாதி வந்துவிட்டது. ‘நாங்க ஓ.சி., எங்களுக்கு எதுவுமில்லை’ என்கிறார்கள். எதுவுமில்லாதவர்களின் பெயரில் எப்படி அறுபது இருந்தது? முதலில் திறந்த போட்டி இடங்களைச் சாதி பார்க்காமல் மேலிருந்து நிரப்ப வேண்டும், அதில் மேலே வந்த தலித் மாணவியை ஒதுக்கீட்டுக் கணக்கில் கழிக்கக்கூடாது என்பது விதி. மண்டல் வழக்கில் 1992இல் உச்ச நீதிமன்றமும் இதைச் சொன்னது. இன்றும் அலுவலகங்களிலும் வீடுகளிலும் ‘அவங்களுக்குத்தான் கோட்டா இருக்கே, இதுல எதுக்கு வர்றாங்க’ என்று கேட்கிறார்கள்.

திராவிட இயக்க அரசுகளின் கணக்கையும் பார்த்துவிடலாம். 1971இல் பிற்படுத்தப்பட்டோருக்கு 31, தாழ்த்தப்பட்டோருக்கு 18. 1979இல் எம்.ஜி.ஆர். 9,000 ரூபாய் வருமான வரம்பு கொண்டுவந்து, 1980 நாடாளுமன்றத் தேர்தலில் அடிவாங்கி, அதை விலக்கிக்கொண்டு 31ஐ 50 ஆக்கினார். ஏறிய 19 சதவீதத்தில் தலித்துகளுக்கு ஒன்றுமில்லை. பழங்குடியினருக்கென்று தனியாக ஒரு சதவீதம் வந்து 69 ஆனதே 1990இல்தான். அருந்ததியருக்கு உள்ஒதுக்கீடு வர 2009 வரை காத்திருக்க வேண்டியிருந்தது. சமூகநீதிப் பெருமிதம் இந்த வருஷங்களை அதிகம் சொல்வதில்லை.

தகுதியின் அளவுகோலுக்கு வருவோம். பெரியகருப்பன் வழக்கில் (1971) வெளிவந்தது: மருத்துவத் தேர்வில் 275 மதிப்பெண்ணில் 75 நேர்முகத்துக்கு. பார்த்த மாத்திரத்திலேயே இது மிகை என்றது நீதிமன்றம். பிறகு 1984இல் நுழைவுத்தேர்வு வந்தது, 2007இல் போனது, பத்தாண்டு பிளஸ் டூ மார்க்கு, 2017இலிருந்து நீட். ஒரே மாநிலத்தில் ஐம்பது ஆண்டுக்குள் தகுதி இத்தனை முறை சட்டை மாற்றியிருக்கிறது. ஒவ்வொரு சட்டையிலும் அதுதான் இயற்கை என்றே சொல்லப்பட்டது. நீட் தகுதி மதிப்பெண் அல்ல, பர்சன்டைல். 2023இல் முதுநிலை இடங்கள் நிரம்பாதபோது எல்லாப் பிரிவினருக்கும் அதைச் சைபராக்கினார்கள். தேர்வெழுதி உட்கார்ந்தாலே தகுதி. கட்டணம் கட்டக்கூடியவனின் சைபருக்கு முன்னால் ‘உயிர் விஷயமாச்சே’ என்ற குரல் எங்கே போயிற்று?

அகில இந்தியத் தொகுப்பு என்று ஒன்று. 1986இலிருந்து மாநிலங்களின் மருத்துவ இடங்களில் ஒரு பகுதியை மத்தியத் தொகுப்புக்குக் கொடுக்க வேண்டும். கொடுத்த இடத்தில் மாநிலத்தின் ஒதுக்கீடு செல்லாது. தலித், பழங்குடி ஒதுக்கீடே அங்கே 2007இல்தான் நுழைந்தது. பிற்படுத்தப்பட்டோருக்கு மாநிலங்கள் கொடுத்த இடங்களில் எதுவும் கிடையாது. இதை எதிர்த்த வழக்கில், அங்கே ஒதுக்கீடு தருவதற்குச் சட்டத் தடை இல்லை என்று சென்னை உயர்நீதிமன்றம் சொன்ன நாள் 2020 ஜூலை 27. செண்பகம் தீர்ப்புக்குச் சரியாக எழுபது வருஷம். தேதிப் பொருத்தம் பார்ப்பது ஜோசியர் வேலை, விட்டுவிடலாம். அடுத்த ஆண்டு ஜூலை 29இல் ஒன்றிய அரசு 27 சதவீதத்தை அறிவித்தது. அதே அறிவிப்பில், முன்னேறிய சாதிகளில் நலிந்தவர்களுக்கென்று 10 சதவீதமும் சேர்ந்தே வந்தது. முப்பத்தைந்து வருஷம் தாமதமாக ஒன்று, சட்டம் வந்து இரண்டரை வருஷத்தில் இன்னொன்று.