அம்மணம்: ஒரு சொல்லும் ஒரு நோன்பும்

தாம்பரத்திற்கு வடக்கே, பல்லாவரத்தில் 7ஆம் நூற்றாண்டுக் குடைவரை ஒன்று உண்டு. அதைக் குடைவித்தவன் முதலாம் மகேந்திரவர்மன். சமணனாயிருந்து அப்பரால் சைவம் சார்ந்ததாகப் பெரியபுராணம் கூறும் பல்லவன் இவனே என்பர் ஆய்வாளர். அப்பரும் முன்னர்த் தருமசேனர் என்னும் பெயரோடு சமணத் துறவியர்க்குத் தலைவராயிருந்தவரே. சமயம் மாறியது, சொல் மட்டும் தங்கிவிட்டது.

சமணர் என்பதன் திரிபு அமணர். அதிலிருந்தே உடையின்மையைக் குறிக்கும் 'அம்மணம்' பிறந்தது என்பர் சொல்லாய்வாளர். 'நிர்வாணம்' என்பதோ வீடுபேற்றைச் சுட்டும் வடசொல். ஆக, இவ்விரு சொற்களையும் நமக்குத் தந்தவர் காமுகர் அல்லர், துறவிகள். நோன்பின் பெயர் வசவாகத் தேய்ந்த கதை கவிஞர்கள் அறியவேண்டிய ஒன்று. அந்த ஏளனமும் பழையதே: மணிமேகலையில், மலர்வனத்திற்குச் செல்லும் வழியில், ஆடை துறந்த சமண முனிவரை ஒரு களிமகன் கள்ளுண்ண அழைத்து அலைக்கழிக்கிறான்.

திகம்பரர்க்குத் திசைகளே ஆடை. ஆயினும் எவரும் ஒரே நாளில் ஆடை களைவதில்லை. இல்லறத்தார்க்குரிய 11 படிகளை ஏறி, இறுதிப் படியில் முதலில் க்ஷுல்லகராகக் கோவணமும் ஒரு மேலாடையும்; பின்னர் ஐலகராகக் கோவணம் மட்டும்; அதன் பின்னரே முனிவர். அப்போது கையில் எஞ்சுவன மயிற்பீலியும் கமண்டலமும். துணியோடு நாணமும் பற்றும் சிறிது சிறிதாகக் கழலவேண்டும் என்பதே இம்முறையின் உட்கருத்து. பெண் துறவியரான ஆர்யிகையர்க்கோ வெண்புடவைதான். இந்த விடுதலை ஆணோடு நின்றுவிட்டது.

நோன்பாக அன்றி, வாழ்க்கை முறையாகவே ஆடையின்மையைக் கொண்ட சங்கங்களுள் நாமறிந்த முதலாவதும் இந்திய மண்ணில்தான் தோன்றியது. 1891இல், பம்பாய் மாகாணத்துத் தானேயில், சார்லஸ் கிராஃபோர்டு என்னும் ஆங்கில நீதிபதி அதை நிறுவினார். உறுப்பினர் மூவரே. மூக்குக்கண்ணாடிக்கும் பொய்ப்பல்லுக்கும் மட்டும் விலக்கு உண்டாம்! வெயில் நாட்டில் கம்பளிக் கோட்டணிந்து வழக்குக் கேட்டவரின் ஏக்கம் புரியாததன்று. எட்வர்டு கார்ப்பென்டருக்கு அவர் எழுதிய கடிதங்களால்தான் இச்செய்தி நமக்குக் கிட்டியது. ஜெர்மனியில் ஹாம்பர்க் அருகே திறந்தவெளிப் பூங்கா அமைந்ததோ 1903இல்தான்.

முனிவர் உடலை மறக்க ஆடை களைந்தார். மேலைநாட்டார் உடலோடு நட்புக்கொள்ளக் களைந்தனர். நோக்கம் வேறு, எனினும் தொடங்கும் முறை ஒன்றே. புதியவர் தம் அறையின் தனிமையில் சில நாழிகை பழகி, கூச்சம் தணிந்த பின்னரே ஒத்த கருத்துடையார் கூடும் தனியிடம் செல்கின்றனர். அங்கே உற்றுநோக்கல் கூடாது. இசைவின்றிப் படமெடுத்தல் கூடாது. தம் துண்டை விரித்தே அமரவேண்டும். பொதுவிடத்தில் நம் நாட்டுச் சட்டம் இதற்கு இடம் தருவதில்லை. முனிவர் மட்டும் இன்றும் நெடுஞ்சாலையில் அவ்வாறே நடந்து செல்கிறார்; இல்லறத்தார் கைகூப்பி வழிவிடுகின்றனர்.