'நிர்வாக நலன் கருதி': பணியிட மாறுதல் வழக்குகளில் மெய்ப்பிக்கும் சுமை

தென்காசியிலோ குற்றாலத்திலோ பணிபுரியும் மாநில அரசு ஊழியர் தமக்கு வந்த மாறுதல் ஆணையை எதிர்த்து வழக்காட நினைத்தால், அவர் போய் நிற்க வேண்டிய இடம் 2004 ஜூலையில் தொடங்கப்பட்ட உயர் நீதிமன்ற மதுரைக் கிளை. சென்னைக்கு அலையும் சிரமம் குறைந்தது. வழக்கின் போக்கு மாறவில்லை. அவர் கையில் இருப்பது பெரும்பாலும் ஒரு பக்க ஆணை. 'நிர்வாக நலன் கருதி' என்பதற்கு மேல் அதில் காரணம் இராது. ஏன் மாற்றினார்கள் என்பதைச் சொல்லும் கோப்பு அலுவலகத்தில் இருக்கிறது. உள்நோக்கத்தோடு மாற்றினார்கள் என்று மெய்ப்பிக்கும் சுமையோ அந்தக் கோப்பைக் கண்ணால் காணாதவர் மேல் விழுகிறது. யார் எங்கே வேலை பார்ப்பது என்பதை நீதிமன்றம் முடிவுசெய்யக் கூடாது என்ற கொள்கை சரியே. ஆணை பிறப்பித்த நாளில் கோப்பில் காரணம் இருந்ததா என்று கேட்பது அக்கொள்கைக்கு முரணாகாது என்பதே இங்கு முன்வைக்கும் வாதம்.

இதற்கான வேர் தமிழ்நாட்டு வழக்கு ஒன்றிலேயே இருக்கிறது. தலைமைச் செயலாளராக இருந்த இ.பி. ராயப்பா 1971இல் மாநிலத் திட்டக்குழுவுக்கும் அடுத்த ஆண்டு ஒரு தனி அலுவலர் பதவிக்கும் மாற்றப்பட்டபோது உச்ச நீதிமன்றம் சென்றார். 1973 நவம்பரில் தீர்ப்பு வந்தது. தன்னிச்சையான செயல் சமத்துவ உரிமைக்கே எதிரானது என்று நீதிபதி பகவதி வகுத்த நெறி இன்றுவரை மேற்கோள் காட்டப்படுகிறது. வழக்குத் தொடுத்தவரோ உள்நோக்கத்தை மெய்ப்பிக்க முடியாமல் தோற்றார். பின்வந்த தீர்ப்புகள் அந்தத் தோல்வியைத்தான் வழக்கமாக்கின. சட்டவிதி மீறலோ உள்நோக்கமோ இருந்தாலொழியத் தலையிடலாகாது என்றது சில்பி போஸ் வழக்கு (1991). மாறுதல் நெறிமுறைகள் ஊழியருக்கு வழக்காடும் உரிமை தருவதில்லை என்றது எஸ்.எல். அப்பாஸ் வழக்கு (1993). முதலில் புதிய இடத்தில் சேர்ந்துவிட்டு முறையிடு என்பது அதற்கும் முந்திய போஷானி தீர்ப்பின் (1989) சாரம். மாறாக, சோமேஷ் திவாரி வழக்கில் (2009) பெயரில்லாப் புகாரின் பேரில் போபாலிலிருந்து ஷில்லாங்குக்கு மாற்றியது தண்டனையே என்று நீதிமன்றம் கண்டது. மாறுதலுக்குப் பின்னிருந்த காரணம் வெளிப்பட்டதால்தான் அவர் வென்றார்.

காரணம் தெரியாத மாறுதல் ஒருவரை எவ்வளவு தூரம் தள்ளும் என்பது பணியின் அலகைப் பொறுத்தது. 2019 நவம்பர் 22 அன்று திருநெல்வேலியிலிருந்து தென்காசி தனி மாவட்டமானது. பழைய எல்லைக்குள் ஒருவரை நூறு கிலோமீட்டர் அளவில் தள்ளியிருக்கும் ராதாபுரத்துக்கு அனுப்ப முடிந்தது; மாவட்டமே அலகாக உள்ள பணியில் இப்போது சங்கரன்கோவில் போன்ற இடங்களே எல்லை. மாநில அலகுப் பணியாளருக்கு இந்த ஆறுதல் இல்லை. அடிப்படை விதி 15 சம்பளம் குறையாமல் காக்கிறதே தவிர, தூரத்தைப் பற்றிப் பேசவில்லை. தூரத்துக்கு வரம்பில்லாதபோது காரணமாவது வேண்டும்; நான் கேட்கும் காரணமும் பெரிய ஆய்வறிக்கையன்று. சாரல் தொடங்கிப் பேரருவியிலும் ஐந்தருவியிலும் கூட்டம் திரளுமுன் குற்றாலத்துக்குக் கூடுதலாக ஒரு சுகாதார ஆய்வாளர் வேண்டும் என்றால், கோப்பில் அதை எழுத ஒரு வரி போதும். அந்த ஒரு வரியும் இல்லாத ஆணைக்குப் பின்னாளில் பதிலுரையில் காரணம் தைக்க முடியாது. 1977இல் மொகிந்தர் சிங் கில் வழக்கு வகுத்த விதி அதுதான். அதை மாறுதல் வழக்குகளுக்கு மட்டும் தளர்த்த நியாயமில்லை.

மாறுதலுக்கு உட்பட்ட பணி என்று தெரிந்துதானே சேர்ந்தார் என்பார்கள். உண்மை; அவர் ஒப்புக்கொண்டது மாறுதலை, காரணமற்ற மாறுதலை அன்று. நிர்வாகம் முடங்கிவிடும் என்ற அச்சமும் மிகை. 2005ஆம் ஆண்டின் மகாராஷ்டிரச் சட்டம், பொதுவாக மூன்றாண்டுப் பணிக்காலத்தை வரையறுத்து, இடையில் மாற்றினால் காரணத்தை எழுத்தில் பதியச் சொல்கிறது. அங்கே அரசு இயந்திரம் நின்றுவிடவில்லை. காரணத்தை ஆணையிலேயே எழுதினால் ஊழியருக்குக் களங்கம் வரும் என்பதே வலுவான மறுப்பு. அதனால்தான் ஆணையில் எழுதச் சொல்லவில்லை. கோப்பில் எழுதி, கேட்கும்போது நீதிபதியிடம் காட்டினால் போதும். எனினும் காலம் இதில் முக்கியம். விடுவிப்பு ஆணை கையில் கிடைத்து, அவர் நாற்காலியில் வேறொருவர் பணியேற்று, அவரையும் எதிர்மனுதாரராகச் சேர்க்க வேண்டிய நிலை வந்தபின் கோப்பைப் பார்ப்பதால் பயன் குறைவு. முதல் விசாரணை நாளிலேயே அதை வரவழைக்க வேண்டும்.