சேமிப்புக் கலத்தின் முதுமை

மின்னை ஏற்றியும் இறக்கியும் மீளப் பயன்படுத்தத்தக்க சேமிப்புக் கலத்தை 1859ஆம் ஆண்டிற் பிரான்சு நாட்டு அறிஞர் காஸ்தோன் பிளாந்தே ஆக்கினார். ஈயத் தகடுகள் இரண்டைக் கந்தகத் திராவகத்தில் அமிழ்த்தினார், அவ்வளவே. புதிய கலத்திற் சிறிதளவு மின்னே தங்கியது. பன்முறை ஏற்றி இறக்கிய பின்னரே தகடுகளின் மேற்பரப்பு பஞ்சுபோல் நொய்தாகி, கொள்ளளவு பெருகிற்று. கலத்தை வளர்த்த செயலே பின்னர் அதனை முதுமைக்கும் கொண்டு சென்றது என்பது வியப்பன்றோ! 1881இற் காமீல் ஃபோர் ஈயக் கூழைத் தகட்டிற் பூசி அந்த நெடிய வளர்ப்பைச் சுருக்கினார். முதுமையைத் தடுக்க அவராலும் இயலவில்லை.

முதுமை எங்ஙனம் வருகிறது? மின் இறங்கும்போது தகடுகளில் ஈய சல்பேற்று படிகிறது. தாமதியாது மீள ஏற்றினால் அது பழைய நிலைக்குத் திரும்பும். வெறுமையான கலத்தை வாரக்கணக்கில் விட்டுவைத்தாலோ அப்படிவு கடும் பளிங்காகி, பின்பு எளிதில் இளகாது. ஒவ்வொரு சுற்றிலும் பூச்சு விரிந்து சுருங்கிச் சிறிது சிறிதாக உதிரவும் செய்யும். ஆகவே கலத்தின் ஆயுளை நாட்களைக் கொண்டு மட்டும் கணித்தல் தவறு. எத்துணை ஆழம் வற்றவிட்டோம், எத்துணை நாள் பட்டினி போட்டோம் என்பனவே பெரிதும் கணக்கு.

1990 ஜூனிற் போர் மீண்டும் மூண்டபின் யாழ்ப்பாணக் குடாநாடு மின்னிணைப்பை இழந்தது. பற்றறியும் தடைசெய்யப்பட்ட பொருள்களுள் ஒன்றாயிற்று. புதியது வாராத ஊரிற் பழைய கலத்தின் முதுமை வெறும் இரசாயனச் செய்தியன்று. மக்கள் துவிச்சக்கரவண்டியைத் தலைகீழாக நிறுத்தி, சக்கரத்தைச் சுழற்றி, டைனமோ தந்த மின்னில் வானொலி கேட்டனர். சேமித்து வைக்கக் கலமில்லை. சுற்றிய கை ஓய்ந்தால் செய்தியும் ஓய்ந்தது.

உலகிற்கு இலிதியம் அயன் கலம் விற்பனைக்கு வந்தது அக்காலத்திலேயே, 1991இல். அதுவும் மூப்புக்கு விலக்கன்று. மின்வாயின்மேற் படியும் மெல்லிய படலம் நாளடைவில் தடித்து, உள்ளிருக்கும் இலிதியத்தை உண்கிறது. வெப்பம் அதனை விரைவுபடுத்துகிறது.

குடாநாட்டை அடுத்துள்ள நெடுந்தீவு, நயினாதீவு, அனலைதீவு ஆகியவற்றுக்கு இந்திய நன்கொடையில் மின் வழங்கும் ஒப்பந்தம் 2024 மார்ச்சிற் கைச்சாத்தாயிற்று. வெயில், காற்று ஆகியவற்றின் மின்னோடு 2,400 கிலோவாற்று மணி சேமிப்புக் கலங்களும் அத்திட்டத்தில் உள்ளன. நாளுக்கொரு சுற்றெனக் கொண்டாற் பத்தாண்டுகளில் 3,650 சுற்றுகள். வெயிலும் காற்றும் குன்றிய நாளிற் கலங்களை அடிவரை வற்றவிடாது காக்க, உடன் அமையும் டீசல் இயந்திரங்கள் உதவும்.