சேப்பாக்கம் நவாபும் துரோகக் குற்றச்சாட்டும்

டியூடர் மன்னர்கள் காலத்து இங்கிலாந்தில், 1521இல் பக்கிங்காம் கோமகனின் தலை வீழ்ந்தபோது, மன்னருக்குக் குடியாக இருந்து அவருக்கு எதிராகச் சதி செய்தல் என்னும் ராஜத்துரோகமே அவர்மேல் சுமத்தப்பட்ட குற்றம். அதே சொல் 1801இல் சென்னையின் வாலாஜா குடும்பத்தின் மீதும் விழுந்தது. ஆனால் அக்குடும்பத்தினரான ஆர்க்காட்டு நவாபுகள் கிழக்கிந்தியக் கம்பெனியின் குடிகள் அல்லர், உடன்படிக்கையால் இணைந்த நட்பரசர்கள்.

1799இல் ஸ்ரீரங்கப்பட்டணம் வீழ்ந்தபின் திப்பு சுல்தானின் ஆவணங்களில் கிடைத்த கடிதங்களையும், ஆங்கிலேயரைப் 'புதிதாக வந்தோர்' என மறைபொருளாகக் குறித்த சங்கேதச் சொற்பட்டியலையும் சான்றாகக் காட்டி, நவாப் முகம்மது அலியும் அவருக்குப்பின் நவாபான மகன் உம்தத்துல் உமராவும் பகைவனோடு உறவாடினர் எனக் கம்பெனி முடிவு கட்டியது. முகம்மது அலி 1795லேயே மறைந்துவிட்டதால் அவரால் பதிலளிக்க இயலவில்லை. இச்சான்றுகள் குற்றத்தை நிறுவப் போதா எனக் கம்பெனியின் வரலாற்றை எழுதிய ஜேம்ஸ் மில்லே வாதிட்டார். அவர் கூறியதே நியாயம்.

உம்தத்துல் உமரா மரணப் படுக்கையில் இருந்தபோதே கம்பெனிப் படை சேப்பாக்கம் அரண்மனைக்குள் நிலைகொண்டது. 1801 ஜூலை 15 அன்று அவர் இறந்ததும், ஆட்சியைக் கைவிடும் நிபந்தனையை மறுத்த மகன் அலி உசேன் ஒதுக்கப்பட்டு, அதை ஏற்ற உறவினர் அசீமுத் தௌலா நவாபாக்கப்பட்டார். நிகர வருவாயில் ஐந்தில் ஒரு பங்கு அவருக்கும், நவாபுகளின் ஆட்சிப்பகுதியான கர்நாடகத்தின் ஆட்சி முழுவதும் கம்பெனிக்கும் என ஜூலை 31 உடன்படிக்கை வகுத்தது.

1855இல் நவாப் பட்டமும் ஒழிக்கப்பட்டது. 'ஆர்க்காட்டு இளவரசர்' என்ற பட்டத்துடன் அக்குடும்பம் இன்றும் இராயப்பேட்டை அமீர் மகாலில் வாழ்கிறது.